முந்நூற்று நாற்பதாவது அடி

பாலக்கோடு தாண்டி மாரண்டஅள்ளிப் பக்கம்
போருக்குக் கேமரா விடவேண்டுமென்றால்
வருவது நான்தான்.
வண்டியின் பின்னால் ஒயர் சுற்றிய ராட்டினம்,
முன்னால் சாக்குக்குள் ஒரு சின்ன டிவி.
அறுந்த மோட்டார், கழன்ற பைப்பு,
கைதவறிய ஸ்பேனர்
எத்தனையாவது அடியில் கிடக்கிறதென்று சொல்வேன்.
தண்ணீர் இருந்தாலும் இல்லாவிட்டாலும்
ஆயிரத்து இருநூறு.

முதல் அறுபதடி கேசிங்.
நீல பிளாஸ்டிக், அதில் நாலைந்து கரப்பான்.
அதன்கீழ் சுக்காம்பாறை,
டீயில் நனைத்த ரஸ்க் மாதிரி.
திறந்த கிணறுகள் எல்லாம்
இந்த அடுக்கைத்தான் குடித்துத் தீர்த்தன.
பிறகு கருங்கல்.
கருங்கல். கருங்கல்.
கடன் கேட்டுப் போன வீட்டின்
மூடிய கதவு மாதிரி கருங்கல்.

கல்லுக்குக் கீழே ஒரு ஏரி இருக்கிறதென்று
எல்லோரும் நம்புகிறார்கள்.
அறுநூறு போர் பார்த்துவிட்டேன்.
ஏரி இல்லை.
விரல் நுழையாத விரிசல் இருக்கிறது,
அதன் உதட்டில் கொஞ்சம் ஈரம் இருக்கிறது.
அவ்வளவுதான் நம் மாவட்டம்.

போன பங்குனியில் கொம்பேரிஅள்ளி.
மாதம்மாளின் தக்காளிக்காடு.
மோட்டார் காற்றை இறைக்கிறது என்று கூப்பிட்டிருந்தாள்.
வரப்புக்கு அந்தப் பக்கம் திம்மராயன் நிலம்;
ஒரு புளியமரத்தால்
எட்டு வருஷமாய்ப் பேச்சில்லை.
அன்றைக்கு அங்கே ரிக் வண்டி
ஆயிரம் அடிக்குப் பேசி, காலையிலிருந்து இடித்துக்கொண்டிருந்தது.

முந்நூற்று நாற்பதில் நிறுத்தினேன்.
இடப்பக்கம் சாய்ந்த விரிசல்,
ஓரத்தில் வெங்கச்சங்கல் வெள்ளைக்கோடு.
ஒரு சொட்டு திரண்டது.
விழவில்லை.
மேல்நோக்கிப் பறந்தது.

டிவி பாலாய் வெளுத்தது.
ஒயர் கையில் துடித்தது.
போரின் வாய் புஸ்ஸென்று கல்மாவைத் துப்ப,
புருவம் இமை மூக்குத்தி எல்லாம் வெள்ளையாக
மாதம்மாள் வரப்பைத் தாண்டினாள்.

"உன் காத்து என் குழியில வருதுடா."

எட்டு வருஷத்தில் முதல் வாக்கியம்.

ரிக்கை நிறுத்தினார்கள்.
திம்மராயன் வந்து என் டிவிக்கு முன்னால் குந்தினான்.
மாவு அடங்கியதும் விரிசல் தெரிந்தது.
"இது எதுவரைக்கும் போகுது?"
தெரியாது.
என் கேமரா கழுத்தைத் திருப்பும், சுவரைப் பார்க்கும்;
விரிசலுக்குள் நுழையாது.
பள்ளிக்கூடத்துப் போரும் இந்தச் சாய்மானத்தில்தான் என்று
யாரோ சொன்னார்கள்.
அதை முன்பே ஆழப்படுத்தியாயிற்று.
அடியாழத்துத் தண்ணீர்
பிள்ளைகளின் பல்லில் காவி எழுதியிருக்கிறது.

நானூற்றுப் பத்தோடு ரிக் கிளம்பியது.
ஆயிரத்துக்குப் பேசினோமே என்று
டிரைவர் திருச்செங்கோடு வரைக்கும் திட்டியிருப்பான்.

அப்புறம் நடந்ததைச்
செய்தது யாரென்று சரியாகத் தெரியவில்லை.
கயிற்றில் கல் கட்டி இறக்கிப் பார்த்திருக்கிறார்கள்.
திம்மராயன் மோட்டார் ஒரு பகல் நின்றால்
மாதம்மாள் போரில் பதினோரு அடி ஏறுகிறது.
மாதம்மாள் நிறுத்தினால் அவனுக்கு ஒன்பது.
மோட்டார் ரூம் சுவரில் சாக்பீஸால் எழுதினார்கள்,
இந்தப் பக்கம் அவள், அந்தப் பக்கம் அவன்.
திங்கள் இவளுக்கு, செவ்வாய் அவனுக்கு.
தூர்ந்த கிணற்றைத் தூர்வாரி
ஜல்லி கொட்டி, ஓடைக்கு வாய் வெட்டியதும்
இரண்டு பேர் கூலியில்.

சித்திரையில் தக்காளி விலை ஏறியது.
ஒரு ராத்திரி திருட்டுத்தனமாய் ஒரு மோட்டார் ஓடியது.
யாருடையது என்று நான் சொல்லமாட்டேன்.
மறுநாள் கயிறு சொன்னது.
சுவரில் அந்தத் தேதியைச் சுற்றி ஒரு வட்டம்,
சண்டை அவ்வளவுதான்.

இன்றைக்கும் அவர்கள் பேசிக்கொள்வதில்லை.
ஆடியில் வேறு வேலையாய் அந்த வழி போனேன்.
முதல்நாள் மழை பெய்திருந்தது.
சுவரில் புது எண் எழுதி
அடியில் கோடு கிழித்திருந்தார்கள்:
முந்நூற்று முப்பத்தெட்டு.

விரிசல் நனைந்திருக்கிறது.
யாரும் என்னைக் கூப்பிடவில்லை.
வண்டியை மெதுவாய் விட்டேன்.